அந்தக் கோபக்காரப் பெண் நான்தான்

ஆபீஸில் டீ கொடுக்கிறவளுக்கும் இரண்டு காது உண்டு என்று அங்கே உட்கார்ந்திருக்கிற யாருக்கும் தோன்றுவதில்லை. கதவைச் சாத்திக்கொண்டு எவ்வளவு பெரிய ரகசியம் பேசினாலும், நாம் தட்டோடு உள்ளே போனால் பேச்சு நிற்காது. "சர்க்கரை கம்மி" என்று நடுவில் ஒரு வார்த்தை சொல்லிவிட்டு மறுபடி ரகசியத்துக்குப் போய்விடுவார்கள். என் மாதிரி தட்டு தூக்குகிறவர்கள் இதைப் படித்தால் தலையாட்டுவீர்கள். எல்லாவற்றையும் கேட்டுக் கேட்டுத்தான் நமக்கு எதையும் லேசில் நம்ப முடியாமல் போகிறது.

எனக்குச் சொந்த ஊர் ஆரணிப் பக்கம். ஏழாவது வரை படித்தேன். கல்யாணமாகி பூனாவுக்கு வந்து விஷ்ராந்த்வாடியில் ஒற்றை அறையில் இருக்கிறோம். வீட்டுக்காரருக்குக் கட்கியில் ஒரு தொழிற்சாலையில் வேலை. நாலு பேர் சேர்ந்து நின்றால் எனக்கு வாய் திறக்காது, சின்ன வயசிலிருந்தே அப்படித்தான். முதலில் ஒரு மராத்தி மாலைப் பத்திரிகை ஆபீஸில் டீ போட்டேன். அங்கே ஆசிரியர் பத்கி சார். பிறகு அவர் பத்திரிகையை விட்டுவிட்டு, பெரிய ஆட்களைப் பற்றிப் பேப்பரில் நல்லபடியாக வரவைக்கிற வேலைக்குப் போனார். பி.ஆர். என்கிறார்கள் அதை. போகும்போது என்னையும் கூட்டிக்கொண்டு போனார். எதற்குக் கூட்டிக்கொண்டு போனார் என்பதுதான் எனக்கு ரொம்ப நாளாகச் சந்தேகம். அவர்கள் பேசியதெல்லாம் மராத்தியும் இந்தியும். நான் தமிழில் எழுதுகிறேன்.

ஆசிரியர் கேட்ட கருத்து

மாலைப் பத்திரிகை என்றாலும் வேலையெல்லாம் காலையில்தான். பதினொரு மணிக்கு மேல் அங்கே ஒருவரும் மெதுவாகப் பேச மாட்டார்கள். அந்தக் கூச்சலுக்கு நடுவில் பத்கி சார் டீயைக் கையில் வாங்கிக்கொண்டு என்னிடம் ஏதாவது கேட்பார். "கவிதா, குழாயில சேறு கலந்து வருதாம். நீ என்ன சொல்றே?" நான் தரையைப் பார்த்துக்கொண்டு, "துணி கட்டிப் பிடிப்பேன் சார்" என்பேன். "வெங்காயம் ஏறிடுச்சே, நீ என்ன சொல்றே?" என்பார். "ரெண்டு போடற இடத்துல ஒண்ணு போடுவேன் சார்" என்பேன். அவர் தலையாட்டிக்கொண்டு எழுதுவார். இவ்வளவு பெரிய மனிதர் நம்மையும் மதித்துக் கேட்கிறாரே என்று எனக்கு உள்ளுக்குள் சந்தோஷமாக இருக்கும். வீட்டுக்குப் போய்ச் சொன்னால் வீட்டுக்காரர் நம்ப மாட்டார்.

அங்கே செய்திகளைத் திருத்துகிற ஷைலா மேடம் ஒரு நாள் டப்பாவைத் திறந்து சாப்பிட்டுக்கொண்டே அன்றைய பேப்பரை எனக்குப் படித்துக் காட்டினார். 'சேற்றுத் தண்ணீரைக் குடத்தோடு தூக்கி வந்து அதிகாரியின் மேஜையில் கொட்டுவோம்! பெயர் சொல்ல விரும்பாத குடும்பத் தலைவி ஆவேசம்!' எனக்குப் புல்லரித்துவிட்டது. யார் மேடம் இது, இவ்வளவு தைரியமான பொம்பளை, எந்தப் பேட்டை என்று கேட்டேன். ஷைலா மேடம் சப்பாத்தியை அப்படியே வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். இங்கே அக்காவைத் தாயி என்று சொல்வார்கள். "நீதான் தாயி. இந்த ஊர்ல மூணு வருஷமா கொதிச்சுக்கிட்டு இருக்கிற அந்தப் பொம்பளை நீ ஒருத்திதான்."

முழுக்கைச் சட்டை

பத்கி சாருக்கு எப்போதும் அரைக்கைச் சட்டைதான். காலர் நைந்திருக்கும், பாக்கெட்டில் பேனா கசிந்து நீலமாக ஒரு வட்டம். ஒரு திங்கட்கிழமை முழுக்கைச் சட்டையை இஸ்திரி போட்டுக்கொண்டு வந்தார். செவ்வாய்க்கிழமை சென்ட் வாசனை. எனக்கு அப்போதே என்னவோ போல் இருந்தது. புதன்கிழமை அடுக்குமாடி கட்டி விற்கிற ஒரு கட்டடக்காரர் வீட்டிலிருந்து காஜு கத்லி டப்பா வந்தது. வாரத்துக்கு ஒரு தடவை சார் பேப்பரில் கிழித்துத் தொங்கவிடுகிற ஆள் அவர். இதற்கு முன்னால் அவர் அனுப்பிய டப்பாக்களை எல்லாம் சார் வாசலோடு திருப்பி அனுப்பியிருக்கிறார். அன்றைக்கு சாரே பிரித்தார். எனக்கும் ஒரு துண்டு கொடுத்தார். நான் அதைச் சாப்பிடாமல் முந்தானையில் முடிந்து வைத்துக்கொண்டேன்.

வெள்ளிக்கிழமை என்னைக் கூப்பிட்டு, "இருபது வருஷம் ஊரைத் திட்டினேன், கவிதா. இனிமே கொஞ்சம் வாழ்த்தறேன். மகர்பட்டாவுல புது ஆபீஸ். நீயும் வந்துடு" என்றார். வீட்டில் சொன்னேன். வீட்டுக்காரர் தோசையைப் பிய்த்த கையோடு நிறுத்திவிட்டுக் கேட்டார்: "பூனா முழுக்க டீ போடத் தெரிஞ்சவ நீ ஒருத்திதானாடி?"

பழைய கத்தரிக்கோல்

புது ஆபீஸுக்கு முதல் நாள் என் இஞ்சி தட்டுகிற சின்ன உரலைப் பையில் போட்டுக்கொண்டு போனேன். ஆறாவது மாடி, சுற்றிலும் கண்ணாடி. சமையல் மேடையில் ஒரு மெஷின். பொத்தானை அமுக்கினால் டீ, பக்கத்துப் பொத்தானை அமுக்கினால் காபி. எல்லாரும் அவரவர் கப்பில் பிடித்துக்கொண்டு போகிறார்கள். நான் உரலோடு நிற்கிறேன். அப்படியானால் நான் எதற்கு? அதற்குள் சார் வந்து என் கையில் ஒரு கத்தரிக்கோலைக் கொடுத்தார். பிடியில் சிவப்பு நூல் சுற்றியிருந்தது. பழைய பத்திரிகை ஆபீஸ் கத்தரிக்கோல், நான் சுற்றிய நூல்.

காலையில் வருகிற எல்லாப் பேப்பரையும் புரட்டி, நம் வாடிக்கையாளர்கள் பற்றி வந்ததை வெட்டி, அவரவர் ஆல்பத்தில் ஒட்ட வேண்டும். இங்கிலீஷும் மராத்தியும் எனக்குப் படிக்க வராது. அதனால் அவர்கள் சின்னத்தை மனசில் வைத்துக்கொண்டேன். கட்டடக்காரருக்கு வளைவு, ஆஸ்பத்திரிக்கு விளக்கு, மழலைப் பள்ளிக்குப் பச்சைக் கிளி. பழைய ஆபீஸில் இதே கத்தரிக்கோலால் பெரிய மனிதர்களைப் பற்றி வந்த கெட்டதையெல்லாம் வெட்டிப் பழுப்பு உறையில் போட்டு வைப்போம், சமயத்துக்கு எடுக்க வசதியாக. அதே கத்தரிக்கோல், அதே வேலை என்று நான் நினைத்துவிட்டேன். கிளியைக் கண்ட இடத்திலெல்லாம் வெட்டினேன். இருப்பதிலேயே பெரியதை முதல் பக்கத்தில், நாலு பக்கமும் சமமாக ஓரம் விட்டு ஒட்டினேன்.

பள்ளியின் முதலாளி மேடம் கோந்த்வாவிலிருந்து காரில் வந்து ஆல்பத்தைத் திறந்தார். முதல் பக்கத்தில் பள்ளிக்கூட வாசலில் பெற்றோர்கள் அட்டை பிடித்துக்கொண்டு நிற்கிற படம். அட்டையில் கிளியின் மேல் சிவப்பாகப் பெருக்கல் குறி. வேன் நேரத்துக்கு வருவதில்லை என்று போராட்டமாம். மேடத்தின் முகம் இறுகிவிட்டது. பத்கி சார் ஒரு தடவை எட்டிப் பார்த்தார், சிரித்தார், பிறகு சொன்னார்: "எங்க கவிதாவுக்கு எதையும் மறைக்கத் தெரியாது மேடம். அதுக்காகவே இவங்களை வெச்சிருக்கேன்."

மஞ்சள் சீருடை

அதற்கு அடுத்த தடவை வந்தபோது மேடம் என் பக்கம் திரும்பி, உனக்குக் குழந்தை இருக்கா என்று கேட்டார். நாலு வயசில் ஒரு பொண்ணு, தர்ஷினி என்றேன். விஷ்ராந்த்வாடி கிளையில் இடம் தருகிறேன், ஒன்றும் கட்ட வேண்டாம், வேனும் வரும் என்றார். இரண்டு செட் மஞ்சள் சீருடை அன்றைக்கே வந்துவிட்டது. வீட்டுக்காரர் அதை உள்பக்கம் வெளிப்பக்கம் திருப்பி, பாக்கெட்டில் விரலை விட்டு, கழுத்துப் பட்டியில் தைத்திருந்த துணியைக்கூட வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். எங்கேயாவது ஏதாவது எழுதியிருக்கும் என்று அவருக்குச் சந்தேகம்.

ஆனால் தர்ஷு அதைப் போட்டுக்கொண்டால் கழற்ற மாட்டாள். இரண்டு மாசத்தில் அவள் பெயரை அவளே எழுதினாள். மூன்று மொழியில் பாட்டு பாடினாள். கடைக்காரரிடம் நான் தலையைக் குனிந்துகொண்டு முணுமுணுத்தால், அவள் என் முந்தானையை விட்டு முன்னால் போய்க் கணீரென்று கேட்டாள். என் பெண் என்னை மாதிரி ஆக மாட்டாள் என்று அப்போதுதான் எனக்கு நம்பிக்கை வந்தது. அந்தப் பள்ளிக்கூடம் மட்டும் கை நழுவக்கூடாது என்று தினமும் வேண்டிக்கொண்டேன்.

ஒரு நாள் போட்டோகிராபர் வந்தார். தர்ஷு வேன் படியில் நிற்க, நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டும். நான் கீழேயே பார்த்தேன். அவர் நிமிரச் சொன்னார். நிமிர்ந்ததும் மேடம் பக்கத்திலிருந்த சாரிடம் சொன்னது என் காதில் விழுந்தது: "இந்த முகத்தைப் பார்த்துட்டு யாரும் பொய்னு சொல்ல மாட்டாங்க."

கெட்டிக் காகிதம்

பத்திரிகை ஆபீஸ் நாளில் இந்த மாதிரிக் கம்பெனிகளிடமிருந்து கட்டுக் கட்டாகச் செய்திக் குறிப்பு வரும். பத்கி சார் பிரிக்காமலே என் பக்கம் தள்ளுவார். நான் அதை வடா பாவ் தட்டுக்கு அடியில் விரிப்பேன். இப்போது சாரே அந்தக் குறிப்பை எழுதுகிறார். வழவழவென்று கெட்டிக் காகிதம், மேலே பச்சைக் கிளி. "பழைய இடம்தானே, உன்னை யாரும் தடுக்க மாட்டாங்க, நேரா கொண்டுபோய்க் குடு" என்று என்னை அனுப்பினார்.

அங்கே என் இடத்தில் ரேணுகா என்று ஒருத்தி இருந்தாள். நல்ல மாதிரி. எனக்கு டீ போட்டுக் கொடுத்தாள். நான் குடித்து முடிப்பதற்குள் நாலு வடா பாவ் வந்தது, நான் கொண்டுபோன கட்டிலிருந்தே நாலு தாள் உருவி விரித்தாள். பச்சைக் கிளி மேல் பச்சைச் சட்னி. நான் பார்ப்பதைப் பார்த்துவிட்டு அவள் சொன்னாள்: "இன்னும் ரெண்டு கட்டு குடுத்துட்டுப் போங்க தாயி. உங்க காகிதத்துல எண்ணெயே இறங்க மாட்டேங்குது."

ஆரோஹி

ஒரு சாயங்காலம் தர்ஷு சாதம் சாப்பிட்டுக்கொண்டே, "ஆரோஹி இன்னைக்கு கிளாஸுக்கு வரலம்மா. வேன்லயே இருந்தா" என்றாள். குழந்தை ஏதோ கதை சொல்கிறாள் என்று நினைத்தேன். எனக்கு யார்மேல்தான் சந்தேகம் இல்லை. "பின்சீட்டுல தூங்கிட்டா. ஆயா எண்ணல. டிரைவர் மாமா பூட்டிட்டு டீ குடிக்கப் போயிட்டாரு. அப்புறம் டப்பா எடுக்க வந்தப்போ அவ அழுதா" என்று அவள் விரலை நக்கிக்கொண்டே சொன்னாள்.

ஆரோஹி எங்கள் வரிசையில் மூன்றாவது வீடு. ஓடினேன். குழந்தை அவள் அம்மா சுனிதாவின் மடியில் சுருண்டு கிடந்தது. சேலைத் தலைப்பை இரண்டு கையாலும் பிடித்திருந்தது. கண்ணாடியெல்லாம் ஏற்றி மூடிய வேன், வெயிலில். தலைமுடி வியர்வையில் நனைந்து காய்ந்து நெற்றியில் ஒட்டியிருந்தது. பள்ளிக்கூடத்திலிருந்து யாரும் ஒரு வார்த்தை சொல்லி அனுப்பவில்லையாம், குழந்தையே சொல்லித்தான் தெரியுமாம். மாலைப் பத்திரிகைக்குப் போன் செய்து சொல்லிவிட்டேன், விசாரித்துப் போடுகிறார்களாம் என்றாள். அழவில்லை. என்னைப் பார்த்துக் கேட்டாள்: "உன் பொண்ணும் அதே வேன்தானே கவிதா. நீ என்ன சொல்றே?"

பெயர் போட்ட பேச்சு

மறுநாள் காலையில் பத்கி சார் என்னை அறைக்குள் கூப்பிட்டு நாற்காலியில் உட்காரச் சொன்னார். இத்தனை வருஷத்தில் சொன்னதே இல்லை. சோபாவில் பள்ளி மேடம் இருந்தார். சார் கையிலிருந்த கெட்டிக் காகிதத்தைப் படித்தார்: 'குழந்தை ஒரு நிமிடம்கூடத் தனியாக இல்லை. ஆயா கூடவே இருந்தார். என் மகளும் அதே வேனில்தான் போகிறாள், எங்களுக்கு முழு நம்பிக்கை இருக்கிறது என்கிறார் கவிதா, பெற்றோர், விஷ்ராந்த்வாடி.' கூடவே வேன் படியில் எடுத்த படம். எதற்கு என்னைக் கூட்டிக்கொண்டு வந்தார் என்று அப்போதுதான் முழுசாகப் புரிந்தது. "காலையிலயே எல்லா பேப்பருக்கும் போயாச்சு. உன்கிட்ட சொல்லி வைக்கணுமில்ல, அதான்" என்றார் சார். மேடம் என்னைப் பார்த்துச் சிரித்தார். "தர்ஷினி நல்லா படிக்கறா. அடுத்த வருஷ வகுப்புக்கும் அவ பேரைச் சொல்லியிருக்கேன்."

கொடியில் காய்கிற மஞ்சள் சீருடைதான் கண்ணுக்குள் நின்றது. சரி என்று தலையாட்டினால் போதும், இத்தனை வருஷமாக ஆட்டிய தலைதானே. அப்போது என் போன் அடித்தது. ஷைலா மேடம். பழைய பத்திரிகையில் பத்கி சாரின் நாற்காலியில் இப்போது அவர்தான். பெயரில்லாத பெண்ணுக்கு யாரும் போன் செய்து கேட்க முடியாது. பெயர் போட்டால் கேட்பார்கள். இருபது வருஷம் பெயரில்லாமலே போட்டுப் பழகிய சாருக்கு அது தோன்றவே இல்லை. "எடு, நானும் கேக்கறேன்" என்று சைகை காட்டினார். ஸ்பீக்கரில் போட்டேன். "தாயி, நீ சொன்னதா ஒரு பேச்சு வந்திருக்கு. இது நீ சொன்னதா, சார் சொன்னதா?" என்றார் ஷைலா மேடம்.

என் குரல் எனக்கே கேட்கவில்லை. ஷைலா மேடம் "சத்தமா சொல்லு" என்றார். மறுபடி சொன்னேன். "நான் அங்க இல்ல மேடம். என் பொண்ணு இருந்தா. ஆயா எண்ணல, குழந்தை தனியா அழுதுச்சுன்னு அவ சொன்னா. நாளைக்கும் என் பொண்ணு அதே வேன்லதான் போகணும். எண்ணிப் பார்த்துட்டு பூட்டச் சொல்லுங்க, எனக்கு வேற ஒண்ணும் வேணாம்." போனை வைத்தேன். பள்ளி மேடம் எழுந்து ஜன்னல் பக்கம் போய்விட்டார். பத்கி சார் பேனாவை மூடி, திறந்து, மறுபடி மூடினார். என்ன கவிதா இது என்று கேட்டார். அழுகை வந்தது, ஆனால் பேச்சும் கூடவே வந்தது: "எனக்கு மறைக்கத் தெரியாதுன்னு நீங்கதானே சார் சொன்னீங்க."

திருப்பிக் கொடுக்காத உடுப்பு

அன்றைக்குச் சாயங்காலப் பேப்பரில் வந்துவிட்டது. வேன் படியில் நான், கீழே என் பேச்சு; சுனிதா படித்துக் காட்டினாள், ஒரு வார்த்தை கூடாமல் குறையாமல். நான் இரண்டு சீருடையையும் துவைத்து மடித்து வைத்தேன், காலையில் கொண்டுபோய்க் கொடுத்துவிடலாம் என்று. தர்ஷு மடிப்பின் மேல் உட்கார்ந்துகொண்டாள். வீட்டுக்காரர், "நீயே இன்னாத்துக்கு எடுத்துக்கினு போற? கேக்கட்டும், அப்ப பாத்துக்கலாம்" என்றார்.

காலையில் வேன் வந்தது. புதுசாக ஒரு ஆயா இறங்கினாள். ஒவ்வொரு குழந்தை தலையிலும் கை வைத்துச் சத்தமாக எண்ணினாள். ஆரோஹியும் தர்ஷுவும் முன்சீட்டில் உட்கார்ந்தார்கள். வேன் திரும்புகிற வரை சுனிதாவும் நானும் நின்றோம். நான் எதையும் நம்பிவிடவில்லை. பஸ்ஸைத் தவறவிட்டு, பள்ளிக்கூடம் வரை நடந்துபோய், கேட் கம்பி வழியாக இறங்குகிற தலைகளை நானும் எண்ணினேன். சரியாக இருந்தது. இன்னும் தினமும் எண்ணிவிட்டுத்தான் வேலைக்குப் போகிறேன்.

ஆபீஸில் என்னைப் போகச் சொல்லுவார்கள் என்று உரலைக்கூடப் பையில் எடுத்து வைத்துவிட்டேன். யாரும் ஒன்றும் சொல்லவில்லை. சாரின் அறையைப் பெருக்கிக்கொண்டிருந்தபோது போனில் மேடத்திடம் பேசிக்கொண்டிருந்தார், வழக்கம்போல எனக்குக் காது இல்லை என்று நினைத்து: "வேண்டாம் மேடம், அந்தக் குழந்தை மேல கை வைக்காதீங்க. இப்போ அவளை வெளியே அனுப்பினா நாளைக்கு முதல் பக்கம் அதுதான். நான் ஆசிரியரா இருந்தா அப்படித்தான் போடுவேன்."

இத்தனை வருஷத்தில் என் பேச்சு என்று எத்தனையோ தடவை அச்சில் வந்திருக்கிறது, அதில் நான் பேசியது அந்த ஒன்றுதான்; அதற்குப் பிறகு பத்கி சார் என்னிடம் கருத்தே கேட்பதில்லை, டீயைக்கூட மெஷினில் அவரே பிடித்துக்கொள்கிறார்.